ஆற்றுக்களிக்கு உறை

எங்கள் ஊரில் ஆற்றுக்களி உறைய வேண்டுமென்றால், பானைக்குப் பக்கத்தில் ஒருவர் உட்கார்ந்து கவலைப்பட வேண்டும். பாலுக்கு மோர் எப்படியோ, களிக்குக் கவலை அப்படி. பத்தொன்பது வருஷமாக அந்தக் கவலையைப் பட்டுக்கொண்டிருப்பவள் நான். என் பெயர் உமையாள். ஊர் ஏணியடி.

களி செய்வதில் பெரிய வித்தை ஒன்றும் இல்லை. சிவப்பரிசியை ஊறவைத்து அரைத்துப் பால் எடுக்க வேண்டும். பனங்கற்கண்டு, ஒரு குடம் பனித்தண்ணீர், போன வருஷம் ஆறு விட்டுப்போன மணலில் ஒரு சிட்டிகை. எல்லாம் சேர்த்துக் கை ஓயக் கிளறி இறக்கினாலும் தண்ணீராகவே கிடக்கும். சமையல்காரி சூடாமணி பானையை என் பக்கம் நகர்த்திவிட்டு, "ஆரம்பிங்க அக்கா" என்பாள். நான் மணையில் உட்கார்ந்து ஆரம்பிப்பேன்.

கவலை என்றால் எந்தக் கவலையும் ஆகாது. தன்னைப் பற்றிக் கவலைப்பட்டால் களி வேப்பெண்ணெய் மாதிரி கசந்துவிடும். மாடு காணாமல் போன கவலையில் வைக்கோல் வாசம் வரும், ஆற்றுக்கு அது பிடிக்காது. கவலையில் இன்னொருத்தி மேல் ஆசை கலந்திருந்தால் சோம்பு வாசம். களி உறையுமா உறையாதா என்று கவலைப்பட்டால் திரிந்தே போய்விடும். புதிதாக உட்காருகிறவர்களுக்கு முதலில் வருவது அந்தக் கவலைதான். பக்கத்தில் இல்லாத ஒருவருக்காகப் படுகிற கவலையில்தான் களி நன்றாகக் கட்டும். என்னுடையதில் லேசாகச் சீரகம் மணக்கும். புருஷனைப் பற்றிய கவலை என்றால் அந்த வாசம்தான்.

என் புருஷன் பொன்னுரங்கம், எங்கள் ஊருக்கு மேலே தாழ நிற்கும் கீழ்நிலாவைத் துடைக்க ஏறிப் போனவர். சந்தை முனையில் நிற்கிறதே, அந்த ஏணியில்தான். மூன்று நாள் வேலை என்று சொல்லி, நாலு நாளைக்குக் கட்டுச்சோறு வாங்கிக்கொண்டு போனார். பத்தொன்பது வருஷம் ஆயிற்று. கீழ்நிலா பளிச்சென்று இருப்பதைப் பார்த்து, ஆள் நன்றாகத்தான் இருக்கிறார் என்று ஊர் சொல்லும். நிலா ஒரு நாள் மங்கினால் எனக்குச் சோறு இறங்காது. எந்நேரமும் மனசில் இது ஓடிக்கொண்டே இருந்ததால், வீட்டில் பால் வாங்கினால் என் கைபட்டதும் கட்டியாகிவிடும். பத்தொன்பது வருஷம் நான் பால் விடாத டீதான் குடித்தேன். நாக்கு செத்துப்போயிற்று.

களி ஆற்றுக்காக. வருஷத்துக்கு ஒரு முறை ஆறு எங்கள் விருந்து மண்டபத்துக்கு வந்து முதல் இலையில் உட்காரும். களி சாப்பிட்டால் அந்த வருஷம் முழுக்க எங்கள் ஊரில் ஓடும். களி இல்லையென்றால் கோபித்துக்கொள்ளாது, அது அந்த மாதிரி ஆறு இல்லை. "பரவாயில்லைங்க" என்று எழுந்து பக்கத்து ஊரான நாவற்கொம்புக்குப் போய்விடும். எனக்கு முன்னால் இருந்த கவலைக்காரியின் காலத்தில் அப்படி ஒரு தடவை போயிற்று. கிணறுகளும் அதன் பின்னாலேயே போயின. இரண்டு வருஷம் ஊர் வாழையிலையில் இறங்கும் பனியை வழித்துக் குடித்தது. அந்தக் கவலைக்காரியை யாரும் ஒரு சொல் திட்டவில்லை. சாகும்வரை அவளோடு யாரும் பேசவும் இல்லை.

இந்த வருஷம் விருந்துக்கு மூன்று நாள் இருக்கும்போது, செவ்வாய்க்கிழமை மதியம், என் புருஷன் இறங்கி வந்தார்.

கதவைத் தட்டவில்லை. உள்ளே வந்து, கையில் இருந்த துணியை ஆணியில் மாட்டிவிட்டு, "ரசம் இருக்கா?" என்றார். இருந்தது. ஊற்றினேன். மூன்று தடவை வாங்கிச் சாப்பிட்டார். தலை முழுக்க வெள்ளைப் பொடி. நரையா நிலாத் தூசியா என்று தெரியவில்லை, துடைத்துப் பார்த்ததில் பாதி போயிற்று.

"இளைச்சுட்டீங்க" என்றேன்.

"நீ அப்படியேதான் இருக்கே" என்றார். அது பொய். இருந்தாலும் கேட்க நன்றாக இருந்தது. அவர் தூங்கினதும் பக்கத்தில் உட்கார்ந்து குறட்டையைக் கேட்டுக்கொண்டே இருந்தேன். சொல்வதற்கு என்ன, அவ்வளவு சந்தோஷமாக நான் இருந்ததே இல்லை.

மாலையில் பால்காரி ஊற்றிவிட்டுப் போன பாலை எடுத்தேன். அது பாலாகவே இருந்தது. செம்பைச் சாய்த்தேன், சாய்ந்தது. ஆட்டினேன், ஆடியது. காய்ச்சி டீயில் விட்டேன். ஒரு வாய் குடித்ததும் விருந்துக் களி ஞாபகம் வந்தது. டீ அருமையாக இருந்தது.

விருந்துக் கமிட்டிச் செயலாளர் கோமதிநாயகம் விளக்கு வைக்குமுன்பே வந்துவிட்டார். நல்ல மனுஷர். யாரையும் நேரடியாக எதுவும் கேட்க மாட்டார்.

"அண்ணன் வந்துட்டாராமே. ரொம்ப சந்தோஷம்மா" என்று சொல்லிவிட்டு நெற்றியைத் துடைத்துக்கொண்டார். அவருக்கும் ஒரு டீ கொடுத்தேன். டம்ளரை வாங்கி அதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"பால் டீ" என்றார்.

"ஆமாங்க."

"நீங்களே உங்க கையால ஊத்துனதா?"

"ஆமாங்க."

அவர் குடிக்கவில்லை. டம்ளரைக் கீழே வைத்துவிட்டு மெதுவாகக் கேட்டார். "அண்ணன் எப்பம்மா திரும்பப் போறாரு?"

"இப்பத்தானே வந்திருக்காரு."

"இல்ல, நான் போகச் சொல்லல. ஒரு பத்துப் படி ஏறி நின்னாக்கூடப் போதும். வெள்ளிக்கிழமை சாப்பாடு முடிஞ்சதும் இறங்கிரலாம்."

பத்துப் படியில் எனக்குக் கவலை வராது என்று சொன்னேன். கண்ணுக்குத் தெரிகிற ஆளைப் பற்றி எப்படிக் கவலைப்படுவது? அவர் தலையாட்டினார். எழுந்து போகும்போது வாசலில் நின்று, "பழைய கவலைக்காரி வீடு இன்னும் பூட்டித்தான் கிடக்கு" என்றார்.

புதன்கிழமை கமிட்டி ஊர் முழுக்கத் தேடியது. எங்கள் போறாத காலம், ஊரில் எல்லாரும் நன்றாக இருந்தார்கள். மேலத்தெருவில் ஒரு பெண்ணுக்குப் பிரசவம் கஷ்டமாக இருக்கிறது என்று கேள்விப்பட்டு ஓடினார்கள். போய்ச் சேருவதற்குள் சுகமாகப் பெற்றுவிட்டாள். கடலுக்குப் போன ஒருவர் இருந்தார், அவரும் அன்று காலைதான் திரும்பியிருந்தார். கோமதிநாயகம் அவரைப் பார்த்து, "ரொம்ப சந்தோஷம்" என்று சொன்னபோது குரல் உடைந்துவிட்டதாகச் சூடாமணி சொன்னாள்.

என் புருஷன் புதன், வியாழன் இரண்டு நாளும் காலையில் கடைத்தெருவுக்குப் போனார், வெறுங்கையோடு வந்தார். விருந்து வாரத்தில் எங்கள் ஊரில் எந்தக் கடையும் திறக்காது, அந்த வாரம் சாமான் எல்லாம் ஆற்றுக்குச் சொந்தம். அவர் அதை மறந்துவிட்டார் போலிருக்கிறது என்று நினைத்தேன். சும்மா கால் வீசி நடக்கப் போகிறார் என்றும் நினைத்தேன். திரும்பி வந்ததும் முற்றத்தில் நின்று கீழ்நிலாவை அண்ணாந்து பார்ப்பார். பகலில் அது ஓரமாக, தேய்ந்த சோப்புத் துண்டு மாதிரி தெரியும்.

"வேலை மிச்சம் இருக்கா?" என்று கேட்டேன்.

"கொஞ்சம் இருக்கு" என்றார். முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

வியாழக்கிழமை சாயங்காலம் அவரிடம் கேட்டுவிடலாம் என்று வாய் வரைக்கும் வந்தது. ஏறிப் போங்கள், விருந்து முடியட்டும், வந்துவிடுங்கள். சின்ன விஷயம்தான். ஆனால் அவருக்கு மூன்று நாள் வேலை என்றால் எத்தனை வருஷம் என்று எனக்குத் தெரியும். கேட்கவில்லை. ஊர் என்னோடு பேசாமல் போனால் போகட்டும் என்று ஒரு நிமிஷம் நினைத்தேன். அடுத்த நிமிஷம் பனி வழித்த வாழையிலை ஞாபகம் வந்தது. இப்படியே மாற்றி மாற்றி நினைத்துக்கொண்டிருந்தேன். பால் மட்டும் செம்பில் தளதளவென்று கிடந்தது.

வெள்ளிக்கிழமை காலை மண்டபத்துக்குப் போனேன். என் மணையை அவர் தூக்கிக்கொண்டு வந்தார். வேண்டாமென்றால் கேட்கவில்லை. சமையல்கட்டு வாசலில் உட்கார்ந்து வெங்காயம் உரிக்கத் தொடங்கிவிட்டார்.

இரண்டு பானை கிளறி வைத்திருந்தார்கள். முதல் பானைக்குக் கோமதிநாயகமே உட்கார்ந்தார். மகளைத் தூரத்தில் கட்டிக்கொடுத்திருக்கிறேன், அவளை நினைத்துக்கொள்கிறேன் என்றார். கண்ணை மூடினார். கால் நாழிகை ஆவதற்குள் பானை களுக்கென்றது. எட்டிப் பார்த்தால் முழுக்கத் திரிந்து, தண்ணீர் தனியாக, கட்டி தனியாக.

"மகளைத்தானே நினைச்சீங்க?" என்று சூடாமணி கேட்டாள்.

"மகளைத்தான் நினைச்சேன். நடுவுல பானையைப் பாத்துட்டேன்" என்றார்.

இரண்டாவது பானையில் நான் உட்கார்ந்தேன். அவர் ஏணியில் ஏறுவதாக நினைத்துப் பார்த்தேன். வாசலில் வெங்காயத்தோல் உரியும் சத்தம் கேட்டது. கால் வழுக்கி விழுவதாக நினைத்தேன். "இது அழுகல், எடுத்துப் போடட்டுமா?" என்று அவர் குரல் வந்தது. அவர் மறுபடி போய்விட்டால் நான் என்ன ஆவேன் என்று நினைத்தேன். உடனே பானையிலிருந்து வேப்பெண்ணெய் வாடை கிளம்பியது.

சூடாமணி என் தோளைப் பிடித்தாள். "உங்களைப் பத்தி நினைக்காதீங்க அக்கா. கெட்டுரும்."

நினைப்பதை நிறுத்தினேன். வாடை அடங்கியது, ஆனால் பானை தண்ணீராகவே நின்றது. அதற்குள் கிழக்கு வாசலில் படி நனைகிற சத்தம் கேட்டது. ஆறு வந்துவிட்டது.

ஆறு வந்தால் கவலைக்காரிதான் போய் வரவேற்க வேண்டும். ஒரு செம்பு தண்ணீர் கொண்டுபோய் வைக்க வேண்டும். அது குடிக்காது, மரியாதைக்குத்தான். போனேன். முதல் இலைக்கு முன்னால் மடங்கி உட்கார்ந்திருந்தது. வழியில் ஒட்டிக்கொண்ட சருகுகளைத் தானே எடுத்து ஓரமாக வைத்துக்கொண்டிருந்தது.

"ஆகுதுங்களா?" என்று கேட்டது.

"இதோ ஆயிடும்" என்றேன்.

"அவசரம் இல்லைங்க. நாவற்கொம்புலயும் வரச் சொல்லியிருக்காங்க. மதியத்துக்குள்ள சொன்னாப் போதும்."

கும்பிட்டுவிட்டுத் திரும்பி நடந்தேன். சமையல்கட்டில் என்ன சொல்வது, யார் முகத்தைப் பார்ப்பது என்று ஒன்றும் தெரியவில்லை.

உள்ளே போனால், என் மணையில் என் புருஷன் உட்கார்ந்திருந்தார். மணை காலியாக இருக்கக் கூடாது என்று சூடாமணிதான் உட்காரச் சொல்லியிருக்கிறாள். வெங்காயக் கத்தி கையிலேயே இருந்தது. அவர் பானையைப் பார்க்கவில்லை. புகைபோக்கி வழியாக மேலே பார்த்துக்கொண்டிருந்தார். அதில் கீழ்நிலா ஒரு துண்டு தெரிந்தது.

பானை உறைந்திருந்தது. கோமதிநாயகம் அவர் கையிலிருந்த கத்தியை வாங்கி நடுவில் குத்தினார். நட்டது நட்டபடி நின்றது. என் பத்தொன்பது வருஷத்தில் கத்தி ஒரு தடவைகூட அப்படி நின்றதில்லை.

முதல் கரண்டி கவலைக்காரி வாயில்தான் போட வேண்டும். ஆற்றுக்கு வைக்குமுன் கவலை சுத்தமானதா என்று பார்ப்பதற்கு. சூடாமணி கரண்டியை நீட்டினாள். கிட்டே வரும்போதே எனக்குத் தெரிந்துவிட்டது. சீரகம் இல்லை. ஏலக்காய்.

ஏலக்காய் வாசம் பிள்ளையைப் பற்றிய கவலைக்கு வரும். எங்களுக்குப் பிள்ளை கிடையாது.

வாயில் போட்டேன். நல்ல ஏலக்காய், புதுசு. ஆறு வயசு இருக்கும். பெண் குழந்தை. அடியில் தொண்டையைப் பிடிக்கிற ஒரு காரல் இருந்தது, அது இருமல். ராத்திரியெல்லாம் இருமுகிற இருமல். விழுங்கினேன். இத்தனை வருஷம் நான் மேலே பார்த்துக்கொண்டு சோறு இறங்காமல் கிடந்தேன், இந்த மனுஷன் அங்கே ஒரு ஏலக்காய் வளர்த்திருக்கிறார். கோபத்தில் கரண்டியைப் பானை விளிம்பில் ஓங்கித் தட்டினேன்.

"சுத்தமா இருக்கா அக்கா?" என்று சூடாமணி கேட்டாள்.

இன்னொரு தடவை நாக்கில் வைத்துப் பார்த்தேன். எங்கேயாவது சோம்பு இருக்கிறதா என்று துழாவினேன். இல்லை.

"சுத்தமா இருக்கு" என்றேன். "இலையில வை."

ஆறு இரண்டு தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டது. இலையை மடித்துவிட்டு, "இந்த வருஷம் வேற கை போலிருக்கு. நல்லா இருந்துதுங்க" என்று சொல்லிவிட்டு, எங்கள் ஊருக்குள் ஓடப் போயிற்று. கோமதிநாயகம் ஒரு மூலையில் உட்கார்ந்து, திரிந்த பானையிலிருந்து ஒரு பிடி எடுத்து மென்றுகொண்டிருந்தார்.

வீட்டுக்கு வந்து கதவைச் சாத்தியதும் கேட்டேன். "யாரு அது?"

அவர் ஆணியில் மாட்டிய துணியை எடுத்து மடித்தார். "தேய்ச்சப்போ வந்தா" என்றார். "தெக்குப் பக்கம் ஒரு கறை இருந்துச்சு. தேய்க்கத் தேய்க்க முதல்ல நெத்தி வந்துச்சு. அப்புறம் விட முடியல."

"முழுசா வந்துட்டாளா?"

"இடுப்பு வரைக்கும். மீதியைத் தேய்ச்சுக்கிட்டே இருக்கேன். மெதுவாத்தான் தேய்க்கணும், வலிக்கும்."

சோம்பு இல்லாததால் நம்பினேன். "இப்ப யாரு பாத்துக்குறா?"

"நிலாதான். ஆனா அதுக்குக் கை கிடையாது." தலையைக் குனிந்துகொண்டார். "இருமல் நிக்க மாட்டேங்குது. சுக்கு வாங்கத்தான் இறங்கினேன். இங்க ஒரு கடையும் திறக்கல."

சுக்கு வாங்க. நான் என்னென்னவோ நினைத்திருந்தேன். என்னைப் பார்க்க வந்தார் என்று நினைத்துக்கொண்டு மூன்று நாளும் தலைக்குப் பூ வைத்திருந்தேன். எழுந்து, அடுப்புக்கு மேல் தட்டில் இருந்த டப்பாவை எடுத்து அவர் முன்னால் வைத்தேன். மூடியைத் திறந்து பார்த்தார். நிறையச் சுக்கு.

"வந்த அன்னைக்கே என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே" என்றேன்.

"சொல்லலாம்னுதான் நினைச்சேன்" என்றார். "சொன்னா நீ கவலைப்படுவேன்னு விட்டுட்டேன்."

அம்மியில் சுக்கைத் தட்டினேன். தேவைக்கு மேல் சத்தமாகவே தட்டினேன். மிளகு, பனங்கற்கண்டு சேர்த்து உருண்டை பிடித்துத் துணியில் முடிந்தேன். பழைய புடவை ஒன்றைக் கிழித்து ஒரு சட்டை தைத்தேன். துணி மிச்சம் இருந்தது. அதில் ஒரு பாவாடையும் தைத்தேன்.

"பாவாடை எதுக்கு?" என்றார். "இடுப்புக்குக் கீழ இன்னும் வரலியே."

"இருக்கட்டும், எடுத்துட்டுப் போங்க" என்றேன்.

மறுநாள் காலை அவர் ஏறினார். மூன்று நாள் வேலை என்று இந்தத் தடவை சொல்லவில்லை. ஏணியின் ஒரு காலை நான் பிடித்துக்கொண்டேன். அந்தப் பக்கமாக ஓடிக்கொண்டிருந்த ஆறு நின்று, மறு காலைப் பிடித்துக்கொண்டது. அவர் புள்ளியாகும்வரை இருவரும் பிடித்துக்கொண்டிருந்தோம்.

வீட்டுக்கு வந்து டீ போடப் பாலை எடுத்தேன். செம்பைச் சாய்த்தால் பால் விழவில்லை. கத்தியால் குத்திப் பார்த்தேன், நின்றது. மோந்து பார்த்தேன். சீரகமும் இருந்தது. ஏலக்காய் அதைவிடத் தூக்கலாக இருந்தது. பால் விடாத டீயைக் குடித்துவிட்டு வேலையைப் பார்த்தேன்.

மதியம் வாசலில் தண்ணீர் சலசலத்தது. ஆறு சந்தை முனையிலிருந்து ஏணியைத் தோளில் சுமந்து வந்து, எங்கள் முற்றத்துச் சுவரில் சாய்த்துக்கொண்டிருந்தது.

"தினமும் அம்புட்டு தூரம் வந்து நின்னு பாக்கணும். இங்க இருந்தா உங்களுக்கு நடை மிச்சம்" என்றது.

"ஒரு வாய் டீ?" என்றேன்.

"வேண்டாங்க, ஓடணும்" என்று போய்விட்டது.

ஏணி முற்றத்தை அடைத்துக்கொண்டதால் துணி காயப்போட இடமில்லாமல் போயிற்று. கொடியின் ஒரு முனையை ஏணியின் நாலாவது படியில் கட்டினேன். சில நாட்களில் என் புடவைக்குப் பக்கத்தில் அவருடைய வேட்டி ஈரமாகத் தொங்கும். சில நாட்களில் அந்தச் சின்னச் சட்டை தொங்கும். காய்ந்ததும் மடித்துப் படியில் வைப்பேன், மறுநாள் இருக்காது. சட்டையில் மருந்து வாடை குறைந்துகொண்டே வந்தது. நாலைந்து மாதம் இப்படியே போயிற்று.

இன்று காலை துணி எடுக்கப் போனேன். கொடியில் பாவாடை தொங்கியது. ஓரமெல்லாம் வெள்ளைப் புழுதி, முட்டி படும் இடத்தில் ஒரு கிழிசல். தொட்டுப் பார்த்தேன். ஒரு பக்கம்தான் காய்ந்திருந்தது. திருப்பிப் போட்டுவிட்டு, ஊசியும் நூலும் எடுக்க உள்ளே வந்தேன்.